விட்டுப்போன ‘யாரு’

கோர்ட் வளாகத்தில் அவரைக் கமா என்றுதான் கூப்பிடுவார்கள். ஒரு பத்திரத்தின் அசலை ஒருவர் உரக்கப் படிக்க, இன்னொருவர் அதன் தட்டச்சுப் படியில் விரலை ஓட்டிக்கொண்டே வரவேண்டும். வக்கீல் ஆபீஸ்களில் இதற்கு ஒத்துப் பார்ப்பது என்று பெயர். படிப்பவர் எழுத்தோடு சேர்த்துப் புள்ளி, கமா, அடைப்பு, அடித்தல், திருத்தல் எல்லாவற்றையும் வாயால் சொல்லியாகவேண்டும். மற்ற குமாஸ்தாக்கள் வேலை முடிந்ததும் மனிதர்களைப் போலப் பேசத் தொடங்கிவிடுவார்கள். இவருக்கு நாக்கு திரும்பி வருவதில்லை. “நாளைக்கு வர்றேன் கமா பத்து மணிக்கு மேல ஆகும் புள்ளி” என்று சொல்லிப் போனை வைத்துவிடுவார். மருமகன் முதன்முதலாக அவரிடம் போனில் பேசிவிட்டு, “உங்கப்பா தந்தியா அடிக்கிறாரு?” என்று மகளிடம் கேட்டானாம்.

வயது ஐம்பத்தெட்டு. சட்டைப் பையில் எப்போதும் ஒரு சிவப்புப் பேனாவும் ஒரு பென்சிலும் இருக்கும். சிவப்பு பிறருடைய பிழைகளுக்கு, பென்சில் தன்னுடையவற்றுக்கு. பென்சிலின் நீளம் குறைந்து யாரும் பார்த்ததில்லை. அவரை உயர்ந்த மனிதர் என்று சட்டெனச் சொல்லிவிட முடியாது. பஸ்ஸில் ஜன்னலோர இடத்துக்குச் சிறுவர்களோடு மல்லுக்கு நிற்பார். உறவில் யாராவது இறந்துபோன செய்தி கடிதத்தில் வந்தால், எழுத்துப் பிழையை முதலில் சொல்லிவிட்டுத்தான் இறந்தவர் யாரென்று சொல்வார். ஆனால் அவருடைய கையெழுத்து விழுந்த படியை இரண்டாம் முறை பார்க்கவேண்டியதில்லை என்று அந்தக் கோர்ட்டில் இரு தரப்பும் நம்பின. ஒரு மனிதர் தன் வாழ்நாளில் சேர்த்த சொத்து என்று பார்த்தால் அது ஒன்றுதான்.

அந்தக் கையெழுத்துக்கு மேலே ஒரு ரப்பர் முத்திரை இருக்கும். ‘பதிவு பெற்ற இருவரால் அசலுடன் ஒத்துப் பார்க்கப்பட்டது, சரி.’ பதிவு என்பது கோர்ட் அலுவலகம் வைத்திருக்கும் பட்டியல். அதில் பெயர் உள்ளவர்கள் மட்டுமே ஒத்துப் பார்க்கலாம். தனியாகப் பார்த்தால் செல்லாது, இரண்டு பேர் வேண்டும். அவருடைய ஆபீஸில் இரண்டாவது ஆளாக இருந்த மூத்த குமாஸ்தா முப்பத்தொரு வருடங்களுக்கு முன் ஓய்வு பெற்றார். அப்போதிருந்த பெரிய வக்கீல், “வேற ஆள் பாக்கலாம், அதுவரைக்கும் எப்படியாவது பாத்துக்கோ” என்றார். வேறு ஆள் வரவில்லை. கமா பத்திரக் கட்டுகளை வீட்டுக்குக் கொண்டு வந்தார்.

வீட்டில் மனைவி இருந்தார். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டர். காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு நாளெல்லாம் பிறர் சொல்லும் எண்களைக் கேட்டுக் கேட்டு, சொல்கிறவர் தப்பாகச் சொல்லப்போகிறார் என்பது அவர் மூச்சு இழுக்கும்போதே தெரிந்துவிடும் என்பார். ஞாயிற்றுக்கிழமை காலை, சாப்பாட்டு மேஜையைத் துடைத்து ஈரம் காயவைத்து, ஜன்னல் பக்கம் படியோடு மனைவியும் எதிரே அசலோடு இவரும் உட்காருவார்கள். கிரயம், குத்தகை, பாகப்பிரிவினை, தானம், உயில். கல்யாணமான புதிதில் மற்றவர்கள் சினிமாவுக்குப் போன ஞாயிறுகளில் இவர்கள் முன்பின் தெரியாதவர்களின் நான்கெல்லைகளைப் படித்துக்கொண்டிருந்தார்கள். மனைவிக்கு அதில் வருத்தம் இருந்ததாகத் தெரியவில்லை. “சினிமால ஒரு குடும்பம்தான் சண்டை போடும். இதுல வாரத்துக்கு மூணு” என்பார்.

நீளமான பத்திரங்களைப் படிக்கும்போது மூச்சு வாங்கும். அதற்காக அவர் சில சொற்களைக் குறுக்கிக்கொண்டார். மேற்படி என்பது ‘மேப்டி’ ஆயிற்று. வகையறா, ‘வகை’ ஆயிற்று. மனைவி எல்லாவற்றையும் புரிந்துகொண்டார். “பாதி வார்த்தை உங்க வாய்க்குள்ளயே குடியிருக்கு, வாடகை வாங்குங்க” என்று கேலி செய்வதோடு சரி.

ஆக, பிழை பொறுக்காத அந்த மனிதர் ஒவ்வொரு படியிலும் ஒரு பொய்யின் கீழே கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். இருவர் பார்த்தார்கள் என்பது உண்மை. இருவரும் பதிவு பெற்றவர்கள் என்பது உண்மையில்லை. எப்படி நிம்மதியாகத் தூங்கினார் என்று கேட்கலாம். அந்தப் பொய் முத்திரையாக இருந்தது. தினமும் ஒரே இடத்தில், ஒரே சொற்களில், ஒரே ஊதா மையில் வந்ததால் அவருடைய கண் அதைப் படிப்பதை எப்போதோ நிறுத்திவிட்டது. நாம் நம்மைப் பற்றிச் சொல்லிக்கொள்ளும் பல வாக்கியங்களுக்கும் இதுதான் நேர்கிறது.

பிரார்த்தனைக் கூட வழக்கு வந்தபோது பெரிய வக்கீல் இறந்துபோய், அவர் மகள் அந்த நாற்காலியில் உட்கார்ந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. தொண்ணூறு வருடங்களுக்கு முன் மர வியாபாரி ஒருவரின் மனைவி, கணவர் போன பிறகு தன் கட்டிடம் ஒன்றைப் பிரார்த்தனைக்காக எழுதிவைத்தார். அதில் வாரம் தவறாமல் கூடுகிறவர்கள் அறுபது குடும்பங்கள். இதே போன்ற பல கூடங்களுக்கு மேலே தலைமைச் சபை என்று ஓர் அமைப்பு உண்டு. அதற்குச் செயலாளர், முத்திரை, கார் எல்லாம் உண்டு. பழைய கூடத்தை இடித்துவிட்டு அங்கே நான்கு மாடி அலுவலகம் கட்டவேண்டும் என்று தலைமைச் சபை முடிவு செய்தது. கூடுகிறவர்கள் மறுத்தார்கள். கட்டிடம் யாருக்குச் சொந்தம் என்று வழக்கு. கமாவின் வக்கீலம்மா தலைமைச் சபைக்காக ஆஜரானார்.

தானப் பத்திரம் நான்கு பக்கம். எறும்பு ஊர்ந்ததுபோலக் கையெழுத்து, முதலிலிருந்து கடைசிவரை ஒரு கமாகூடக் கிடையாது. இரு தரப்பும் படிக்க வசதியாகத் தட்டச்சுப் படி ஒன்று தாக்கல் செய்யட்டும் என்று கோர்ட் சொன்னது. கமா அடித்தார், வீட்டில் ஒத்துப் பார்த்தார், முத்திரை குத்தினார். எதிர்த்தரப்புக் குமாஸ்தாவுக்கு வாய்தா என்று பெயர். எந்த வழக்கானாலும் தள்ளிவைக்கச் சொல்லித்தான் பேச்சைத் தொடங்குவார். அவர் படியை அசலோடு வைத்துப் பார்க்கக்கூட இல்லை. “கமா கையெழுத்து இருக்கா? அப்ப நான் எதுக்குக் கண்ணைக் கெடுத்துக்கணும்?” என்று ஒப்புதல் போட்டுக் கொடுத்தார்.

எட்டு வருடம் நடந்தது. கடைசியில் கீழ்க்கோர்ட் நீதிபதி, படியின் நான்காம் பக்கத்தில் இருந்த ஒரு வரியைத் தீர்ப்பில் எடுத்துப் போட்டார். ‘இக்கட்டிடத்தின் முழு உரிமையும் சபைக்கே.’ சபை என்றால் பதிவு செய்யப்பட்ட அமைப்பு. ஆகவே கட்டிடம் தலைமைச் சபைக்கு. அறுபது குடும்பங்களும் மேல்முறையீடு செய்தன. அது விசாரணைக்கு வர இன்னும் மூன்று வருடம்.

அந்தக் குடும்பங்களின் சார்பில் ஒவ்வொரு விசாரணைக்கும் ஒரு தையல்காரம்மா வருவார். கூடத்தின் சாவி அவரிடம் இருந்தது. தினமும் காலையில் திறந்து, பெருக்கி, ஜன்னல்களை விரித்துவிட்டுத்தான் கடைக்குப் போவார். கோர்ட்டில் கமாவின் பெஞ்சில், அவருக்குப் பக்கத்தில் உட்காருவார்.

“இது எங்க தரப்புப் பெஞ்சும்மா” என்று கமா முதல்நாள் சொன்னார்.

“ஃபேன் இங்கதான இருக்கு? அது எந்தத் தரப்பு?”

அதன்பிறகு கமா அவருக்கு இடம் பிடித்து வைக்கத் தொடங்கினார். ஜன்னலோர இடத்துக்குச் சண்டை போடும் மனிதர் செய்தது என்பதால் இதைக் குறிப்பிடவேண்டியிருக்கிறது.

மேல்முறையீட்டில் எல்லா ஆவணங்களையும் பெரிய எழுத்தில் புதிதாக அச்சிட்டுக் கட்டித் தரவேண்டும். பழைய படி கம்ப்யூட்டரிலேயே இருந்தது. எழுத்தைப் பெரிதாக்கினால் வேலை முடிந்தது. ஆனால் பக்கம் மாறுகிறது, வரி மாறுகிறது, ஆகவே மறுபடி ஒத்துப் பார்க்காமல் முத்திரை குத்தமாட்டேன் என்று கமா பிடிவாதம் பிடித்தார். அசலைப் பெரிதாக்கி எடுத்த நகலைக் கோர்ட் கொடுத்தது. ஞாயிற்றுக்கிழமை காலை மேஜையில் விரித்தபோது அவருக்குத் தொண்டை கட்டிக் கரகரப்பு மட்டும் வந்தது.

“இன்னைக்கு விட்டுடுங்க. தவளை மாதிரி இருக்கு” என்றார் மனைவி.

கமா நகலை அவர் பக்கம் தள்ளினார். “நீ படி. நான் பாக்கறேன்.”

“அந்த எறும்புக் கையெழுத்தையா?”

“பெருசு பண்ணியிருக்காங்க. இப்ப கட்டெறும்பு.”

முப்பத்தொரு வருடத்தில் முதல் முறையாக இடம் மாறி உட்கார்ந்தார்கள். மனைவிக்குக் குறுக்கல்களைக் கேட்டுத்தான் பழக்கம், சொல்லிப் பழக்கமில்லை. எக்ஸ்சேஞ்சில் எண்ணைத் திருப்பிச் சொல்வதுபோல ஒவ்வொரு எழுத்தாக, நிறுத்தி நிதானமாகப் படித்தார். முக்கால் மணி நேரத்தில் நான்காம் பக்கம் வந்தது.

“இக்கட்டிடத்தின் முழு உரிமையும் சபையாருக்கே.”

கமாவின் விரல் நின்றது. “என்ன சொன்ன?”

“சபையாருக்கே.”

“யாரு எங்க இருக்கு?”

“யாரு எங்க இருந்தா என்ன? யாரைக் கேக்கறீங்க?”

“ஆளைக் கேக்கல. சபைக்கும் க்கேக்கும் நடுவுல. யாருன்னு ரெண்டு எழுத்து சொன்னியே.”

“இங்க இருக்கு. யா, ரு. பளிச்சுன்னு இருக்கு, பாருங்க.”

“இங்க இல்ல.”

“இல்லையா? யாரு எடுத்தா?”

வேறு நாளாக இருந்தால் இருவரும் சிரித்திருப்பார்கள். கமா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு அசலைப் பார்த்தார். பிறகு படியைப் பார்த்தார். சபை என்றால் அமைப்பு. சபையார் என்றால் அங்கே கூடுகிற ஆட்கள். தானம் எழுதிய அம்மாள் கட்டிடத்தை ஆட்களுக்கு எழுதிவைத்திருக்கிறார். அமைப்புக்குக் கொடுத்தது கமாவின் விரல்.

எப்படித் தப்பியது என்பதும் அவருக்கு விளங்கிவிட்டது. சபையார் என்ற சொல் அந்தப் பத்திரத்தில் நாற்பத்தாறு இடங்களில் வருகிறது. இரண்டாம் பக்கத்துக்கு முன்பே அவர் வாய் ‘யாரு’வை விழுங்கத் தொடங்கியிருக்கும். அதற்குப் பிறகு வந்த இடங்களிலெல்லாம் அவர் சபை என்று சொல்ல, மனைவி படியில் சபையார் என்று பார்த்து, வழக்கமான குறுக்கல் என்று கடந்திருக்கிறார். நாற்பத்தாறாவது இடத்தில் படியிலேயே சபை என்றுதான் இருந்தது. காதும் கண்ணும் அங்கேதான் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போயின. இரண்டு பேர் முழுமையாக ஒத்துப்போவது சில சமயம் எதற்கும் அத்தாட்சியில்லை.

“தப்பு என்னுது. காது என்னுதுதான” என்றார் மனைவி.

“வாய் என்னுது.”

“அடிச்சது?”

“அதுவும் நான்தான்.”

“அப்ப மூணுல ரெண்டு உங்களுது. எடுத்துக்குங்க.” பிறகு, “சொன்னா என்ன ஆகும்?” என்று கேட்டார்.

“ரெண்டு பேர் பாத்தீங்களே, ரெண்டு பேருமா கோட்டை விட்டீங்கம்பாங்க. இன்னொருத்தர் பதிவு நம்பரைக் கேப்பாங்க. பொய்ச் சான்றுன்னா பட்டியல்லேர்ந்து பேரை எடுத்துடுவாங்க. கையெழுத்துப் போட முடியாத குமாஸ்தாவை எந்த ஆபீஸ்ல வெச்சுப்பாங்க?”

“சொல்லலைன்னா?”

“யாருக்கும் தெரியாது. கூடத்தை இடிச்சுடுவாங்க.”

மனைவி நகலைச் சுருட்டாமல், மடிக்காமல், ஓரம் தட்டி அடுக்கினார். “அந்தத் தையல்காரம்மா உங்க பக்கத்துலதான உக்காருவாங்க?”

“ஃபேனுக்காக உக்காருவாங்க.”

“எதுக்காகவோ. அடுத்த வாட்டி உக்காந்தா நீங்க எந்தப் பக்கம் பாத்துக்கிட்டு இருப்பீங்க?”

திங்கட்கிழமை காலை வக்கீலம்மாவின் மேஜையில் கமா இரண்டு தாள்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். அவர் குனிந்து பார்த்தார். நிமிர்ந்து கதவைச் சாத்தச் சொன்னார்.

“எதிர்த்தரப்புல யாருக்காவது தெரியுமா, அண்ணே?”

“தெரியாது மேடம்.”

“உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?”

“தொண்டை கட்டிக்கிச்சு மேடம்.” நடந்ததைச் சொன்னார்.

“ஒரு மாத்திரை போட்டிருக்கக்கூடாதா?” என்றார் வக்கீலம்மா. பதினோரு வருடம் நடத்திய வழக்கு. எழுந்து ஜன்னல்வரை போய்த் திரும்பி வந்தார். “தப்புன்னு தெரிஞ்ச படியைக் காட்டி என்னால ஜட்ஜ் முன்னால நிக்க முடியாது. எங்கப்பா போட்டோ வேற எதிர்ல மாட்டியிருக்கு. திருத்தம் தாக்கல் பண்ணிடுங்க. ஆனா ஒரே வரி. தட்டச்சில் பிழை, வருந்துகிறோம். எப்படி, எவரோட பாத்தீங்கன்னு எழுதிடாதீங்க. உங்க பதிவு போயிடும்.”

கமா வேகமாகத் தலையாட்டினார். இதை மறைப்பதற்கில்லை. அவருக்கு உண்மை வெளியே வரவேண்டும் என்று இருந்தது. முழுதாக வரவேண்டும் என்று இல்லை. தலைமைச் சபையின் செயலாளர் போனில் கத்தியது கதவுக்கு வெளியேயும் கேட்டது. நம் பக்கத்து ஆளே நம் சுவரை இடிக்கிறானா என்றார். வக்கீலை மாற்றப்போவதாகச் சொன்னார். “தாராளமா மாத்துங்க சார். பத்திரத்தை மாத்த முடியாது” என்று வக்கீலம்மா போனை வைத்தார்.

விசாரணை நாளில் இரண்டு நீதிபதிகள் உட்கார்ந்திருந்தார்கள். தையல்காரம்மா வழக்கம்போல ஃபேனுக்குக் கீழே. ஒரு வரித் திருத்தத்தை மூத்த நீதிபதி படித்தார், பழைய படியைப் புரட்டினார், மறுபடி படித்தார். எதிர்த்தரப்பு வக்கீலின் காதில் வாய்தா என்னவோ சொல்லத் தொடங்கிவிட்டுப் பாதியில் நிறுத்தினார். தள்ளிவைக்கக் கேட்கத் தோன்றாமல் போனது அவர் தொழிலில் அன்று ஒருநாள்தான்.

“இந்தப் படியைத் தயாரிச்சவர் வந்திருக்காரா?”

கமா முன்னால் போய் நின்றார்.

“விட்டுப்போனது ரெண்டு எழுத்து. தீர்ப்பே அதுல நிக்குது. பதிவு பெற்ற இருவர் ஒத்துப் பார்த்ததாச் சான்று குடுத்திருக்கீங்க. ஒருத்தர் தவறவிடலாம். ரெண்டு பேருமா? ஒருத்தர் நீங்க. இன்னொருத்தர் யாரு?”

வக்கீலம்மா மேஜைமீதிருந்த சட்டப் புத்தகத்தை அவசரமாகத் திறந்து எதையோ தேடினார். நினைவில்லை என்று ஒரு சொல் உண்டு. அந்த அறையில் தினமும் பத்துப் பேர் சொல்வது, எந்த நீதிபதியும் அதற்குமேல் தோண்டமாட்டார். ஓய்வு பெற்ற மூத்த குமாஸ்தாவின் பெயரும் கமாவின் நினைவுக்கு வந்தது. அவர் செத்துப்போய் வெகுநாளாயிற்று, வந்து மறுக்கமாட்டார். ஆனால் அன்று மேஜையில் நகலை ஓரம் தட்டி அடுக்கிய கை இன்னொருவருடையது. வேறு பெயர் சொன்னால் அதுவும் ஒரு தப்பான படியாகிவிடும்.

“என் மனைவி கமா” என்றார். “பதிவு பெறாதவங்க புள்ளி.”

பின்னால் யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. “எவ்வளவு நாளா?”

“முப்பத்தொரு வருஷமா, ஐயா.”

இளைய நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார். மூத்தவர் அசலின் நகலை விளக்கின் பக்கம் நகர்த்தி, அந்த வரியைத் தானே மெல்ல வாய்விட்டுப் படித்தார். “இந்த வழக்கு மொத்தமே யாருங்கற கேள்விதான். பதினோரு வருஷமா அதைத்தான் காணோம்” என்றார்.

வீட்டுக்கு வந்ததும் மனைவி கேட்ட முதல் கேள்வி, “என் பேரைச் சொல்லிட்டீங்களா?”

“பேரைச் சொல்லல. மனைவின்னு சொன்னேன்.”

“ஜட்ஜ் பேரு கேக்கலையா?”

“கேக்கல.”

“முப்பத்தொரு வருஷம் பாத்தவ பேரைக்கூடக் கேக்காம என்ன விசாரணை நடத்துறாங்க?”

ஆறு வாரத்தில் தீர்ப்பு வந்தது. நிர்வாகத்தை மேற்பார்வை செய்ய மட்டும் தலைமைச் சபைக்கு இடமுண்டு, கட்டிடம் அங்கே கூடுகிறவர்களுடையது என்று சொல்லிக் கீழ்க்கோர்ட் தீர்ப்பை ரத்து செய்தார்கள். வக்கீலம்மா கமாவைக் கூப்பிட்டார். “அண்ணே, தோத்தது நான். உங்க மேல கோவமா இருக்கு. ரெண்டு நாள் இருக்கும். மூணாம் நாள் வேலைக்கு வந்துடுங்க. கையெழுத்துப் போட முடியலைன்னா கட்டு கட்டுங்க.” அதற்குமேல் ஏதாவது சொல்லியிருந்தால் கமாவுக்கு எங்கே பார்ப்பது என்று தெரிந்திருக்காது.

தையல்காரம்மா ஆபீஸ் வாசலுக்கே வந்துவிட்டார். “டீ குடிக்கலாம் வாங்க.”

“நான் எதிர்த்தரப்பும்மா. அவங்க இன்னும் மேல அப்பீல் போகலாம்.”

“அவங்க மேல போறதுக்குள்ள குடிச்சுடலாம், வாங்க.”

குடித்தார்கள். கமாவின் சட்டையில் மூன்றாம் பித்தானுக்கு வேறு நிற நூல் போட்டிருப்பதைத் தையல்காரம்மா கண்டுபிடித்துச் சொன்னார். பிழை திருத்தப்படுவதை அவர் அவ்வளவு பணிவாக ஏற்றுக்கொண்டது அபூர்வம்.

கோர்ட் அலுவலகத்தின் உத்தரவு அடுத்த மாதம் தபாலில் வந்தது. தானாக முன்வந்து சொன்னதால் பெயரை நீக்கவில்லை. ஆறு மாதம் பதிவு நிறுத்திவைப்பு. கமா பெருமூச்சு விட்டார். பிறகு, பழக்கதோஷம், உத்தரவை முதலிலிருந்து எழுத்தெழுத்தாகப் படித்தார். ‘மேற்படியார் தகுதியற்ற நபரான தம் மனைவியைக் கொண்டு முப்பத்தொரு வருடங்களாக ஆவணங்களை ஒத்துப் பார்த்து வந்துள்ளார்’ என்று ஒரு வரி. முகம் சிவந்துவிட்டது. ஆறு மாதத்தை ஏற்றுக்கொண்டவரால் அந்தச் சொல்லை ஏற்க முடியவில்லை.

“தகுதியற்றன்னு எப்படிப் போடலாம்? பதிவு பெறாதன்னுதான் இருக்கணும். இதுக்கு நான் அப்பீல் போறேன். ஒரு சொல் திருத்தம். ஒரு பக்கம்தான்.”

“அந்தப் பேப்பரைக் கீழ வைங்க” என்றார் மனைவி.

“உன்னைத்தான் சொல்லியிருக்கான்!”

“என்னைத்தான சொல்லியிருக்கான்? நான் பாத்துக்கறேன். அதுல சிவப்புப் பேனாவெல்லாம் வெச்சுடாதீங்க, எனக்கு வேணும்.”

எதற்கு என்று அவர் சொல்லவில்லை. மறுநாள் வெளியே போய் ஒரு விண்ணப்பப் படிவத்தோடு வந்தார். பட்டியலில் புதிதாகப் பெயர் சேர்ப்பதற்கானது. எக்ஸ்சேஞ்சிலிருந்து ஓய்வு பெற்றாயிற்று, வயது வரம்பு இல்லை, பள்ளிப் படிப்பு முடித்திருந்தால் தேர்வு எழுதலாம். பெயர், முகவரி, எல்லாம் எழுதிவிட்டு ஏழாவது கட்டத்தில் நிறுத்தினார்.

“இத்துறையில் முன் அனுபவம், ஆதாரத்துடன்னு கேட்டிருக்கு.”

“இல்லைன்னு எழுது.”

“பொய் எழுதச் சொல்றீங்களா? ஒரு வாட்டி பட்டது போதாதா?”

கமாவுக்கு அப்போதுதான் புரிந்தது. சிரிக்கவா, தடுக்கவா என்று தீர்மானிப்பதற்குள் மனைவி கட்டத்தை நிரப்பி, உத்தரவின் நகலைப் பின்னால் வைத்துக் குண்டூசி குத்திவிட்டார்.

கோர்ட் அலுவலகக் கவுண்டரில் கமாவை வெளியே பெஞ்சில் உட்காரவைத்துவிட்டு மனைவி மட்டும் போனார். கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் இருந்த எழுத்தர் படிவத்தைப் பார்த்தார், இணைப்பைப் பார்த்தார், மறுபடி படிவத்தைப் பார்த்தார்.

“அம்மா, இது உங்க வீட்டுக்காரர் மேல வந்த ஆர்டர்.”

“ஆமா. நீங்க அனுப்பினதுதான்.”

“இதை ஆதாரமா வெச்சிருக்கீங்களே. இதுல உங்களைத் தகுதியற்ற நபர்னுல்ல போட்டிருக்கு?”

“போட்டிருக்கு. முப்பத்தொரு வருஷமா பாத்து வந்துள்ளார்னும் போட்டிருக்கு. ரெண்டும் உங்க ஆபீஸ் முத்திரையோட ஒரே வரியில இருக்கு. எது வேணுமோ எடுத்துக்குங்க தம்பி, நான் வெயிட் பண்றேன்.”

எழுத்தர் தாளை எடுத்துக்கொண்டு உள்ளே அதிகாரியிடம் போனார். கால் மணி நேரம் ஆயிற்று. உள்ளேயிருந்து முதலில் ஒருவர் சிரிக்கும் சத்தமும், பிறகு இரண்டு பேர் சிரிக்கும் சத்தமும் கேட்டன. திரும்பி வந்த எழுத்தர், விண்ணப்பத்தின் மூலையில் வரிசை எண் போட்டு, தேர்வு அடுத்த மாதம் பன்னிரண்டாம் தேதி, பேனா கொண்டு வரவேண்டும் என்று சொன்னார்.

வெளியே பெஞ்சில் கமா எழுந்து நின்றுகொண்டிருந்தார். “என்ன சொன்னாங்க?”

“என் பேரைக் கேட்டாங்க” என்றார் மனைவி.